கந்தக மேட்டில் சொன்ன பொய்

பயப்படுகிறவர்களைக் கேலி செய்வது ரொம்ப சுலபம். எங்கள் தெருவில் அதற்கு நிரந்தரமாக அகப்பட்டவள் ஜலஜா. எதிர்வீட்டுக்காரி என்ற உரிமையில் நானும் என் பங்குக்குச் செய்திருக்கிறேன். கலிஃபோர்னியாவில் எங்கள் பிளசன்டன் ஊருக்கு வந்த நாளாகக் கார் ஓட்டுகிறாள், ஆனால் ஃப்ரீவேயில் ஏற மாட்டாள். ஃப்ரீமான்டில் மளிகை வாங்க வேண்டுமென்றால் மலைக்கு நடுவில் வளைந்து வளைந்து போகிற பழைய ரோட்டில்தான் போவாள். அந்த ரோட்டில்தான் விபத்து அதிகம் என்று நான் அவளிடம் சொன்னதில்லை. சொன்னால் மளிகையே வராது.

பூகம்பத்துக்குப் பயந்து கட்டிலுக்கு அடியில் செருப்பும் டார்ச்சும் வைத்திருப்பாள். வாசல் மணி அடித்தால் முதலில் ஜன்னல் வழியாகப் பார்ப்பாள். கணவர் சுந்தரராமன் சான் ஹோஸேயில் ஒரு சிப் கம்பெனியில் என்ஜினியர். அவர் வீட்டுக்குத் திரும்ப அரை மணி தாமதமானால், மூன்று தடவை போன் பண்ணிவிட்டு நாலாவதாக எனக்குப் பண்ணுவாள். அந்த மனிதரோ, வாசலில் ஷூவைக் கழற்றும்போதே வாயையும் கழற்றி வைத்துவிட்டு உள்ளே வருகிறவர். இரண்டு பேரும் ஸ்ரீரங்கத்துக்காரர்கள்.

ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். அவள் வேலை பார்த்த டேகேரில் ஒரு குழந்தை ஊஞ்சலிலிருந்து விழுந்து உதடு கிழிந்தபோது, மற்ற டீச்சர்கள் கையைப் பிசைந்துகொண்டு நிற்க, ஜலஜாதான் குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு, ரத்தத்தை அழுத்திப் பிடித்து, ஆம்புலன்ஸ் வரும்வரை பாட்டுப் பாடியிருக்கிறாள். அடுத்தவர் குழந்தை என்றால் அவளுக்குக் கை நடுங்காது. தன் விஷயத்தில்தான் பயமெல்லாம்.

அதற்குக் காரணம் இருந்தது. கல்யாணமாகி வெகுகாலம் கழித்து அவளுக்கு இரண்டு தடவை உண்டாகி, இரண்டும் தங்கவில்லை. முதல் தடவை, பேசாத மனிதர் சுந்தரராமன் சந்தோஷத்தில் அன்று சாயங்காலமே ஸ்ரீரங்கத்திலிருந்து மாம்பலம் வரை அத்தனை பேருக்கும் போன் போட்டுச் சொல்லிவிட்டார். சில வாரம் கழித்து அதே நம்பர்களுக்கெல்லாம் மறுபடியும் போன் போட வேண்டியிருந்தது. அதற்குள் ஏன் ஊரெல்லாம் தம்பட்டம் அடித்தாய் என்று பெரியம்மா ஜலஜாவைத்தான் கேட்டாள். மூன்று மாசம் முடியாமல் வெளியே சொல்லக் கூடாது, கண் பட்டுவிடும் என்பது நம்மவர்களுக்கெல்லாம் தெரிந்த சட்டம். பெரிய பெரிய ஆஸ்பத்திரியில் வேலை பார்க்கிற நம் ஊர் டாக்டர்களே வீட்டில் இதைத்தான் கடைப்பிடிக்கிறார்கள். நானும் அப்படித்தான் செய்தேன், ஆகையால் சிரிக்க எனக்கு யோக்கியதை இல்லை.

இரண்டாவது தடவை தன் அம்மாவிடம் மட்டும் சொன்னாள். அதுவும் நிற்கவில்லை. அம்மா யாரிடமோ வாயை விட்டிருக்கிறாள் என்று ஜலஜா முடிவு கட்டிக்கொண்டாள். டாக்டர் எத்தனையோ காரணம் சொல்லியிருந்தார். அவள் மனசில் நின்றது நாக்கு ஒன்றுதான்.

2006 கோடையில் மூன்றாவது முறை உண்டானபோது அவளுக்கு முப்பத்தேழு வயது. இந்தத் தடவை அம்மாவுக்கும் கிடையாது. டாக்டருக்குத் தெரியும், சுந்தரராமனுக்குத் தெரியும், அவ்வளவுதான். இதில் ஒரு சங்கடம் வந்து சேர்ந்தது. ராமசுப்ரமணியன், மீனாக்ஷி என்று அவர்களுக்கு நெருங்கிய சிநேகிதர்கள் பக்கத்துத் தெருவில் இருந்தார்கள். நாலு பேருமாக ஹவாயில் பெரிய தீவுக்குப் போவதென்று வசந்த காலத்திலேயே டிக்கெட் வாங்கியாகிவிட்டது. இப்போது வரவில்லை என்றால் ஏன் என்று மீனாக்ஷி கேட்பாள். மீனாக்ஷி கேட்க ஆரம்பித்தால் பதில் வாங்காமல் விடுகிற ரகம் இல்லை. விமானத்தில் போகலாமா என்று ஜலஜா டாக்டரைக் கேட்டாள். தாராளமாகப் போ, கடற்கரையில் உட்கார், நிறையத் தண்ணீர் குடி என்றாள் அவள். எரிமலையைப் பற்றி ஜலஜா கேட்கவில்லை, ஏனென்றால் அப்போது எரிமலைப் பேச்சே இல்லை.

எரிமலையைக் கொண்டுவந்தவர் ராமசுப்ரமணியன். கோனாவில் போய் இறங்கின சாயங்காலமே ஹோட்டல் டெஸ்கில் நாலு பேருக்கும் டூர் புக் பண்ணிவிட்டு, ஏதோ சாதித்தவர் மாதிரி வந்து நின்றார். காலையில் வேனில் கிளம்பினால் கறுப்பு மணல் கடற்கரை, கந்தகப் புகை, நீராவிக் குழிகள், லாவா ஓடிப் போன குகை, கடைசியில் இருட்டின பிறகு நெருப்புக் குழம்பு கடலில் விழுகிற காட்சி. ஒரே நாளில் தீவையே பார்த்துவிடலாம். ஜலஜா அறைக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டு, நான் போக மாட்டேன் என்றாள். சுந்தரராமன், சரி, போக வேண்டாம் என்றார். போகாவிட்டால் மீனாக்ஷியும் கூடத் தங்கிவிடுவாளே, நாள் முழுக்க இரண்டு பேராக உட்கார்ந்திருந்தால் என் முகத்தைப் பார்த்தே கண்டுபிடித்துவிடுவாளே என்றாள். சரி, அப்படியானால் போகலாம் என்றார் அவர். அந்த மனிதரோடு வாதாடவும் முடியாது.

மறுநாள் காலை பலகாரத்தின்போதே சோதனை வந்தது. ஹோட்டலில் தட்டுத் தட்டாகப் பப்பாளியும் அன்னாசியும் அடுக்கியிருந்தார்கள். உண்டானவள் அந்த இரண்டையும் தொட மாட்டாள் என்பது எந்தத் தமிழ்ப் பெண்ணுக்கும் தெரியும். மீனாக்ஷி அவள் தட்டில் இரண்டு துண்டு பப்பாளியை வைத்தாள். ஜலஜா ரொட்டியைத் தின்றுவிட்டு, பப்பாளியைக் காகிதத் துண்டில் மறைத்துக் குப்பையில் போட்டாள். யாரும் பார்க்கவில்லை என்று நினைத்துக்கொண்டாள்.

வேன் வந்தது. ஓட்டுகிறவளும் வழிகாட்டியும் ஒரே ஆள்தான். அறுபது வயசிருக்கும், ஆகிருதியான அம்மாள், காதோரம் ஒரு பூ. தன்னை ஆன்ட்டி வெர்னா என்று கூப்பிடச் சொன்னாள். அந்த ஊரில் பெரியவர்களையெல்லாம் ஆன்ட்டி, அங்கிள் என்றுதான் சொல்வார்களாம். நம்ம ஊர் மாதிரியே இருக்கே என்று ராமசுப்ரமணியனுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. வேனில் இவர்களைத் தவிர, ஒஹையோவிலிருந்து வந்த வயசான தம்பதி ஒன்றும் இரண்டு ஜெர்மன் பையன்களும் இருந்தார்கள்.

கறுப்பு மணல் கடற்கரைவரை நன்றாகத்தான் போயிற்று. காப்பித் தோட்டங்கள், மழை, பிறகு வெயில், பிறகு தார் கொட்டிக் காய்ந்தது போலப் பரந்து கிடந்த லாவா. கடற்கரையில் பெரிய ஆமைகள் படுத்திருந்தன. ஜலஜா கொஞ்சம் மூச்சு விட்டுக்கொண்டாள். இது எரிமலை என்றால் பயப்பட ஒன்றுமில்லையே என்றுகூட நினைத்தாள்.

அங்கிருந்து மேலே ஏறி, எரிமலைப் பூங்காவின் வாசலைத் தாண்டியதும் ஆன்ட்டி வெர்னா வேனை ஓரமாக நிறுத்தினாள். இன்ஜினை அணைத்துவிட்டுத் திரும்பி உட்கார்ந்தாள். அதுவரை இருந்த சிரிப்பு அவள் முகத்தில் இல்லை. இங்கே பூமிக்கடியிலிருந்து கந்தகப் புகை வருகிறது, எல்லோருக்கும் ஒத்துக்கொள்ளாது என்றாள். யாருக்காவது ஆஸ்துமா உண்டா என்று கேட்டாள். ஒஹையோ கிழவர் கையைத் தூக்கினார். அவர் வேனிலேயே இருக்க வேண்டும் என்றாள். இதயக் கோளாறு? யாருமில்லை. யாராவது கர்ப்பமாக இருக்கிறீர்களா?

வேனில் இருந்தவர்களில் அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லக் கூடிய வயதில் இருந்தவர்கள் ஜலஜாவும் மீனாக்ஷியும்தான். மீனாக்ஷிக்கு நாற்பத்தைந்து. ஆன்ட்டி வெர்னாவின் கண் ஜலஜாவின் மேல் நின்றது. சுந்தரராமனின் கை லேசாக மேலே எழுந்தது. ஜலஜா அதைப் பிடித்து மடியில் அழுத்திக்கொண்டாள். நகம் பதிந்த தடம் சாயங்காலம்வரை இருந்ததாம். இல்லை என்று அவள் தலையை ஆட்டினாள். ஆன்ட்டி வெர்னா ஒரு கணம் பார்த்துவிட்டு வண்டியைக் கிளப்பினாள்.

நீங்களும் நானும் என்றால் கையைத் தூக்கியிருப்போம் என்று இப்போது சொல்லலாம். பின்சீட்டில் மீனாக்ஷி உட்கார்ந்திருக்கும்போது, இரண்டு முறை கைநழுவினவளுக்கு அது சுலபமில்லை.

கந்தக மேட்டுக்குப் பக்கத்தில் வேன் நின்றதும் கதவு திறப்பதற்கு முன்பே நாற்றம் உள்ளே வந்தது. அழுகின முட்டை நாற்றம். வெளியே தரையெல்லாம் மஞ்சள் பூத்திருந்தது. பிளவுகளிலிருந்து வெள்ளைப் புகை சீறிக்கொண்டு வந்தது. நடைபாதை முகப்பில் ஒரு பலகை. இதய நோயாளிகளும், மூச்சுக் கோளாறு உள்ளவர்களும், கைக்குழந்தைகளும், கர்ப்பிணிகளும் இதற்கு மேல் போகக் கூடாது. கர்ப்பிணிகள் என்ற வார்த்தை அவளுக்கு மட்டும் பெரிய எழுத்தில் தெரிந்தது.

இரண்டு ஆண்களும் ஜெர்மன் பையன்களோடு முன்னால் போய்விட்டார்கள். சுந்தரராமன் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனார். தான் நின்றால் சந்தேகம் வரும் என்று அவருக்கும் பயம். ஜலஜா முந்தானை மாதிரி துப்பட்டாவை மூக்கில் வைத்துக்கொண்டு வேனை ஒட்டி நின்றாள். தலைவலிக்கிறது, நீங்கள் போங்கள் என்று மீனாக்ஷியிடம் சொன்னாள். மீனாக்ஷி போகவில்லை. கைப்பையிலிருந்து மாத்திரையை எடுத்து நீட்டினாள். மாத்திரை சாப்பிடுவதற்கும் பயம், வேண்டாம் என்பதற்கும் பயம். வெறும் வயிற்றில் வேண்டாம் என்றாள் ஜலஜா. இப்போதுதானே வாழைப்பழம் தின்றாய் என்றாள் மீனாக்ஷி. பேசிக்கொண்டிருக்கும்போதே காற்று திரும்பிற்று. புகை மொத்தமும் இவர்கள் பக்கம் சாய்ந்து வந்தது. ஜலஜா மூச்சைப் பிடித்துக்கொண்டாள். எவ்வளவு நேரம் பிடிக்க முடியும்? நெஞ்சு வெடித்துவிடும் போல இருந்தது. மூச்சு விட்டதும் தொண்டையெல்லாம் காந்தியது. வயிற்றுக்குள் போய்விட்டது, போய்விட்டது என்று உள்ளே ஒரு குரல் கத்திற்று.

வேனுக்குள் ஏறி எல்லா ஜன்னலையும் சாத்த வேண்டும், உடனே. எதையாவது சொல்லி இவளை அனுப்ப வேண்டும். அந்த அவசரத்தில் வாய்க்கு வந்ததைச் சொன்னாள். ஒரு பெண் இன்னொரு பெண்ணிடம் சொன்னால் அதற்கு மேல் கேள்வி வராத காரணம் ஒன்று உண்டு அல்லவா, அதைத்தான்.

"நான் தூரமாயிட்டேன், மீனாக்ஷி. இப்பத்தான். ரொம்ப வலிக்கறது, என்னால நடக்க முடியாது."

மீனாக்ஷியின் முகம் அப்படியே விழுந்துவிட்டது. ஏதோ கேட்க வாயெடுத்தவள் கேட்கவில்லை. ஜலஜாவின் தோளைப் பிடித்து வேனுக்குள் ஏற்றி உட்கார வைத்தாள், கதவைச் சாத்தினாள், பக்கத்தில் உட்கார்ந்து கையைப் பிடித்துக்கொண்டாள். அதற்குப் பிறகு அவள் ஒரு வார்த்தை பேசவில்லை. முன்சீட்டில் ஒஹையோ கிழவர் இருந்ததால் பேசவில்லையாக்கும் என்று ஜலஜா நினைத்தாள். மீனாக்ஷி வாயை மூடிக்கொண்டு கால் மணி இருந்து அவள் அதற்கு முன் பார்த்ததில்லை.

ஆனால் அதைப் பற்றி யோசிக்க அவளுக்கு அவகாசம் இல்லை. தான் சொன்னது என்ன என்பது அப்போதுதான் உறைத்தது. நல்லதைச் சொன்னதற்கே கண் பட்டுப் போயிற்று என்று நம்புகிறவள், இப்போது கெட்டதைத் தன் வாயாலேயே சொல்லிவிட்டாள். வயிற்றில் இருக்கிறது கேட்டிருக்குமே என்று தோன்றிற்று. நாக்கைக் கடித்துக்கொண்டாள். மனசுக்குள் ரங்கநாதரிடம், நான் சொன்னது பொய், பொய், பொய் என்று திரும்பத் திரும்பச் சொன்னாள். என்னிடம் இதைச் சொல்லும்போதுகூட அவள் குரல் இறங்கிவிட்டது.

அடுத்த இடம் லாவா குகை. பெரிய பெரிய பெரணிச் செடிகள் நிறைந்த, எந்நேரமும் மழை சொட்டுகிற காடு அது. அங்கே புகை இல்லை. மீனாக்ஷியைத் தவிர மற்றவர்கள் குகைக்குள் போனார்கள். சுந்தரராமனையும் ராமசுப்ரமணியன் இழுத்துக்கொண்டு போய்விட்டார். நானும் கூட வரட்டுமா என்று மீனாக்ஷி கேட்டாள், வேண்டாம் என்று ஜலஜா கழிப்பறைக்குத் தனியாகப் போனாள்.

அங்கே போய்ப் பார்த்தால் ரத்தம்.

அதிகமில்லை. ஆனால் முதல் இரண்டு தடவையும் இப்படித்தான் ஆரம்பித்தது. அவள் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள். தகரக் கூரையில் மழை விழுந்துகொண்டிருந்தது. நான் சொன்னேன், நடந்துவிட்டது என்பதைத் தவிர அவளுக்கு வேறு நினைப்பே இல்லை. எவ்வளவு நேரம் நின்றாள் என்று அவளுக்குத் தெரியாது.

வெளியே வந்தபோது வேனுக்குப் பக்கத்தில் ஆன்ட்டி வெர்னா மட்டும் நின்றுகொண்டிருந்தாள், பின்கதவைத் திறந்து எல்லோருக்கும் சாப்பாட்டுப் பெட்டிகளை அடுக்கிக்கொண்டு. மீனாக்ஷி கொஞ்சம் தள்ளி, குகை வாசலைப் பார்த்தபடி நின்றிருந்தாள். புருஷன் குகைக்குள். அம்மா ஸ்ரீரங்கத்தில். ஜலஜா நேராக ஆன்ட்டி வெர்னாவிடம் போனாள். அம்மாவிடம் சொல்லாததை, முன்பின் தெரியாத ஒரு பெண்ணிடம் இங்கிலீஷில் சொன்னாள். நான் பொய் சொன்னேன், நான் கர்ப்பமாக இருக்கிறேன், இப்போது ரத்தம் வருகிறது.

அந்த அம்மாள் திட்டவில்லை. ஏன் முதலிலேயே சொல்லவில்லை என்று கேட்கவில்லை. கையிலிருந்த பெட்டியைக் கீழே வைத்தாள். ஜலஜாவை நடுசீட்டில் சாய்த்துப் படுக்க வைத்து, தன் மழைக்கோட்டைச் சுருட்டிக் காலுக்கு அடியில் கொடுத்தாள். பிறகு குகை வாசலுக்குப் போய் ஒரு சத்தம் போட்டாள். அந்தக் குரல் குகைக்குள் போய் முட்டித் திரும்பி வந்தது என்று சுந்தரராமன் சொல்வார். அன்றைக்கு நடந்ததைப் பற்றி அவர் சொல்வது அது ஒன்றுதான். எல்லோரும் ஓடிவந்தார்கள். ஆம்புலன்ஸ் மலையடியில் ஹீலோ ஊரிலிருந்து மேலே வர வேண்டும், அதற்குள் நாமே கீழே போய்விடலாம், டூர் இத்தோடு முடிந்தது, ஆட்சேபம் இருந்தால் இறங்கிக்கொள்ளலாம் என்றாள் ஆன்ட்டி வெர்னா. ஒருவரும் இறங்கவில்லை. நெருப்புக் குழம்பு பார்க்கத்தான் ஜெர்மனியிலிருந்து வந்திருந்தார்கள் அந்தப் பையன்கள். அவர்களில் ஒருவன் தன் ஸ்வெட்டரைக் கழற்றி ஜலஜாவுக்குப் போர்த்தினான்.

மலையிலிருந்து ஹீலோவுக்கு இறங்குகிற அந்த ரோடு நீளமானது. ஜலஜா கண்ணை மூடிக்கொண்டு படுத்திருந்தாள். வேன் குலுங்கின ஒவ்வொரு தடவையும் உள்ளங்கையால் வயிற்றைத் தாங்கிக்கொண்டாள். சுந்தரராமன் அவள் காலடியில் தரையிலேயே உட்கார்ந்திருந்தார். அப்போது தலைமாட்டில் யாரோ விம்முகிற சத்தம் கேட்டது. மீனாக்ஷி. வாயில் துணியை வைத்து அடைத்துக்கொண்டு, தோள் குலுங்க அழுதுகொண்டிருந்தாள்.

ஜலஜாவுக்குப் புரியவில்லை. இவள் ஏன் அழ வேண்டும், இவளுக்கு இப்போதுதானே தெரியும் என்று பார்த்தாள்.

"எனக்கு ஏர்போர்ட்லயே டவுட்தான்," என்றாள் மீனாக்ஷி. "காபி வேண்டாம்னே. காலம்பற வேணும்னுதான் பப்பாளிய வெச்சேன், நீ தூக்கிப் போட்டதைப் பார்த்ததும் கன்ஃபர்ம் ஆயிடுத்து. மூணு மாசம் ஆகாம கேக்கப்படாதுன்னுதான் கேக்கல. நீ தனியா நிக்கக் கூடாதுன்னு கூடவே இருந்தேன். அங்க புகையில நின்னுண்டு தூரமாயிட்டேன்னு சொன்னியோல்லியோ, போயிடுத்துன்னே நெனச்சுட்டேன், ஜலஜா. அதைக் கேட்டதுலேர்ந்து எனக்கு நெஞ்சே ஆறல."

ஆக, ஒருத்தி சொல்லக் கூடாது என்று மறைத்திருக்கிறாள், இன்னொருத்தி கேட்கக் கூடாது என்று மறைத்திருக்கிறாள். இரண்டு பேரும் ஒரே வேனில், பக்கத்துப் பக்கத்தில். மீனாக்ஷியின் கண்ணைப் பற்றித்தான் ஜலஜா அத்தனை நாளும் பயந்தது. அந்தக் கண்தான் இப்போது வீங்கிப்போய் இவள் முகத்தின் மேல் கவிழ்ந்திருந்தது.

அப்போது ஜலஜாவுக்கு இரண்டாவது தடவை நினைவுக்கு வந்ததாம். அது கலைந்தது ஒரு வெள்ளிக்கிழமை. திங்கட்கிழமை வயிற்றுவலி என்று சொல்லிக்கொண்டு டேகேருக்குப் போய்க் குழந்தைகளுக்கு மூக்குத் துடைத்தாள். அந்த வாரமே தெருக்கோடியில் ஒரு வளைகாப்பு. அதற்கும் போனாள். அந்தப் பெண்ணுக்கு வளையல் அடுக்கினாள், எல்லோரும் சேர்ந்து பாடினபோது பாடினாள், சித்ரான்னம் சாப்பிட்டுவிட்டு வீட்டுக்கு வந்தாள். அந்த வளைகாப்பில் நானும் இருந்தேன். மீனாக்ஷியும் இருந்தாள். ஜலஜாவின் குரல் நன்றாக இருக்கிறது என்று நாங்கள் சொன்னோம்.

அவளுடைய பிள்ளைக்காக அவள் பக்கத்தில் உட்கார்ந்து வேறொரு பெண் அழுதது இதுதான் முதல் தடவை. ஜலஜா கையை நீட்டி மீனாக்ஷியின் புடவைத் தலைப்பைத் தேடினாள். அவள் ஜீன்ஸ் போட்டிருந்தாள். சட்டை நுனியைப் பிடித்துக்கொண்டாள்.

ஹீலோவில் ஆஸ்பத்திரி வாசலில் சக்கர நாற்காலியோடு காத்திருந்தார்கள். ஆன்ட்டி வெர்னா வரும் வழியிலேயே ரேடியோவில் சொல்லியிருந்தாள். உள்ளே அழைத்துப்போன அறையில் ஒரு சின்னப் பெண் டாக்டர், ஸ்கேன் மெஷின், இரைச்சலாக ஒரு ஏர்கண்டிஷனர். வயிற்றின் மேல் சில்லென்று பசை விழுந்தது. டாக்டர் திரையைத் தன் பக்கம் திருப்பி வைத்துக்கொண்டாள். முதல் தடவையும் இப்படித்தான் திருப்பி வைத்தார்கள். இரண்டாவது தடவையும்தான். ஜலஜா திரையைப் பார்க்கவில்லை, டாக்டரின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. டாக்டர் கருவியை இந்தப் பக்கம் நகர்த்தினாள், அந்தப் பக்கம் நகர்த்தினாள், நெற்றியைச் சுருக்கினாள். சுந்தரராமன் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டார்.

பிறகு டாக்டர் திரையை இவள் பக்கம் திருப்பினாள். சாம்பல் நிறத்துக்கு நடுவில் ஒரு பொட்டு துடித்துக்கொண்டிருந்தது. இதயத் துடிப்பு இருக்கிறது என்றாள், நன்றாகவே இருக்கிறது.

ஜலஜாவால் நம்ப முடியவில்லை. புகை? என்று கேட்டாள். அந்தப் புகையில் இனிமேல் நிற்கக் கூடாது, ஆனால் இந்த ரத்தத்துக்கும் அதற்கும் சம்பந்தம் இருப்பதாகத் தெரியவில்லை என்றாள் டாக்டர். நான் ஏதாவது பண்ணினேனா? நீ எதுவும் பண்ணவில்லை. நான் சொன்ன பொய்யினாலா என்று கேட்க வேண்டுமென்று இருந்தது, அதை இங்கிலீஷில் எப்படிக் கேட்பது என்று தெரியவில்லை. ஆனால் டாக்டர் இன்னொன்றும் சொன்னாள், மறைக்காமல். இன்றைக்கு இருக்கிறது. நாளைக்கு என்னவென்று யாராலும் சொல்ல முடியாது. இனி வருகிற வாரங்கள்தான் சொல்லும். படுத்திரு, ஊருக்குப் போய் உன் டாக்டரைப் பார்.

டாக்டர் போய்விட்டாள். பயம் போகவில்லை. இடம் மாறி உட்கார்ந்துகொண்டது, அவ்வளவுதான். இன்னும் எத்தனை கழிப்பறைக் கதவு, எத்தனை காலை நேரம். சுந்தரராமன் கதவு இடுக்கு வழியாக எட்டிப் பார்த்தார். தாழ்வாரத்தில் வேனில் வந்த அத்தனை பேரும் அப்படியே உட்கார்ந்திருந்தார்கள். ஆன்ட்டி வெர்னா, ஒஹையோ கிழவர், கிழவி, ஸ்வெட்டர் இல்லாத ஜெர்மன்காரன், அவன் சிநேகிதன், தலையில் கையை வைத்துக்கொண்டு ராமசுப்ரமணியன். மீனாக்ஷி உட்காரவில்லை, கதவையே பார்த்துக்கொண்டு நின்றிருந்தாள்.

அவர் திரும்பி வந்து, கூட்டமாக உட்கார்ந்திருக்கிறார்கள், என்ன சொல்லட்டும் என்று கேட்டார். ஒன்றுமில்லை, சாதாரண வயிற்றுவலிதான் என்று சொல்லி அனுப்பிவிடட்டுமா? மூன்று மாசம் முடிய இன்னும் நாள் இருக்கிறதே. மனைவியின் பயம் தெரிந்த மனிதர் அல்லவா.

ஜலஜா வயிற்றின் மேல் இருந்த கையை எடுக்கவில்லை.

"சொல்லிடுங்கோ," என்றாள். "எல்லார்ட்டயும் சொல்லிடுங்கோ. அம்மாவுக்கும் போன் பண்ணிச் சொல்லிடுங்கோ. இதுவும் போயிடுத்துன்னா, எனக்கு அழறதுக்கு ஆள் வேணும்."